நிலத்தடி நீரும் பெண்களும்

ஆசிரியர் அவர்கட்கு,

நிலையான ஆறில்லாத யாழ்ப்பாணக் குடாநாட்டில், சுண்ணாம்புக்கல்லிடையே தேங்கும் மழைநீரே எமக்கு ஆதாரம். தோட்டங்களுக்கு அளவின்றி இடும் யூரியாவால் அதில் கைக்குழந்தைகளுக்குக் கேடான நைத்திரேற்று என்னும் உப்பு கூடுகிறது. மிகையாக இறைப்பதால் கிணறுகள் உவராகின்றன. குடாநாட்டை அடுத்த தீவகத்தில் பவுசருக்காக (தண்ணீர் வண்டிக்காக) குடங்களோடு காத்திருப்பவர்களும், குழந்தையின் பால்மாவுக்கு எந்தக் கிணற்றுநீர் உகந்ததென்று கவலைப்படுபவர்களும் பெரும்பாலும் பெண்களே. பெண்ணுக்கு இயற்கையோடு பிறவிப் பந்தம் உண்டென்ற புகழ்ச்சியை நான் ஏற்பதில்லை. இமயமலையின் ரேணிக் கிராமத்தில் 1974இல் கௌரா தேவியும் அயற்பெண்களும் மரம் வெட்ட வந்தவர்களைத் தடுத்துக் காட்டைக் காத்து நின்றது, விறகும் நீரும் சுமந்த அனுபவத்தாலேயே.

யாழ்ப்பாணத் தமிழரின் வழமைச் சட்டமான தேசவழமைப்படி மணமான பெண் தன் சீதனக் காணியையே கணவரின் எழுத்துமூலச் சம்மதமின்றி விற்க முடியாத இவ்வூரில், உரத்தையும் நீரையும் பற்றிப் பேசும் கமக்காரர் (விவசாயிகள்) அமைப்புகளின் நிர்வாகத்தில் பெண்களுக்குப் பாதி இடமாவது ஒதுக்கப்பட வேண்டும்.

இங்ஙனம்,
வாசகி, யாழ்ப்பாணம்