மரீ துபுவாவைப் பற்றி நீங்கள் சொன்னது

எங்கள் ஊர்த் திரைப்படச் சங்க நண்பர்களுக்கு,

வணக்கம். போன மாதம் நீங்கள் பிரெஞ்சு இயக்குநர் த்ரூஃபோவின் 'ஜூல்ஸ் அண்ட் ஜிம்' படத்தைத் திரையிட்டபோது நானும் அக்காவும் பின்வரிசையில் இருந்தோம். அக்காவுக்கு மல்டிபிள் ஸ்கிளிரோசிஸ் என்ற நரம்பு நோய் வந்து பதினோரு வருடம் ஆகிறது. அறிமுக உரையில் உங்களில் ஒருவர், "இதில் தெரேஸாக வரும் மரீ துபுவா, பாவம், நரம்பு நோயால் வாழ்க்கையே முடிந்துபோன நடிகை" என்றார். அக்கா என் பக்கம் திரும்பவே இல்லை.

அப்புறம் படம் ஓடியது. தெரேஸ் சிகரெட்டின் எரியும் முனையை வாய்க்குள் வைத்துக்கொண்டு, ரயில் எஞ்சின் மாதிரி குப்குப்பென்று புகைவிட்டபடி அறையைச் சுற்றி வருவாளே, அந்த இடத்தில் அக்கா வாய்விட்டுச் சிரித்தாள். ஆட்டோவில் திரும்பும்போது, "இதெல்லாம் நோய் வர்றதுக்கு முன்னாடி நடிச்சதா?" என்று கேட்டாள்.

இல்லை. அதைச் சொல்லத்தான் இந்த மடல்.

மரீ துபுவா பிறந்தது 1937இல். அவருக்கும் வந்தது அக்காவுக்கு வந்த அதே மல்டிபிள் ஸ்கிளிரோசிஸ்தான். அதன் முதல் அறிகுறிகள் 23 வயதில் தெரிந்தன. த்ரூஃபோவின் 'ஷூட் த பியானோ பிளேயர்' வெளிவந்த 1960ஆம் ஆண்டையொட்டிய காலம் அது. 'ஜூல்ஸ் அண்ட் ஜிம்' வந்தது 1962இல். பிரான்சில் 1 கோடியே 70 லட்சத்துக்கும் மேல் டிக்கெட் விற்ற 'லா கிராந்த் வத்ரூய்' 1966இல். அதில் பொம்மலாட்டக்காரரின் பேத்தி ஜூலியெத்தாக வந்து நடிகர் பூர்விலின் பாத்திரத்தின் மனதைக் கொள்ளையடித்தவர் இவர்தான். இத்தாலிய இயக்குநர் விஸ்கோந்தியின் கடைசிப் படத்திலும் இருக்கிறார். 'லா மெனாஸ்' படத்துக்காக 1978இல் சிறந்த துணை நடிகைக்கான, பிரான்சின் செசார் திரைப்பட விருது வாங்கினார். அவரை நாம் எதற்காக நினைவில் வைத்திருக்கிறோமோ, அதில் ஏறக்குறைய எல்லாமே அந்த முதல் அறிகுறிக்குப் பிறகு நடந்தவை.

நரம்பிழைகளைப் போர்த்தியிருக்கும் மயலின் உறையை உடம்பின் எதிர்ப்புச் சக்தியே அரிப்பதுதான் இந்த நோய். பெரும்பாலும் 20க்கும் 40க்கும் இடைப்பட்ட வயதில் தலைகாட்டும், பெண்களுக்கே அதிகம். பலருக்கு வரும், தணியும், மறுபடி வரும். துபுவாவுக்கும் பல வருடம் அடங்கியிருந்து பின்னாளில் திரும்பியது. அப்போது அவர் ஒளிந்துகொள்ளவில்லை. தன் நோயைப் பற்றி வெளிப்படையாகப் பேசினார். 2014 அக்டோபரில், 77 வயதில் காலமானார்.

அவர் கஷ்டப்படவில்லை என்று நான் சொல்லவரவில்லை. அக்கா காலையில் டீ டம்ளரை இரண்டு கையாலும் பிடிப்பதைத் தினமும் பார்க்கிறேன். சட்டை பட்டன் போட ஐந்து நிமிடம் ஆகும் நாள் உண்டு. அதே அக்காதான் பத்து மணிக்குப் பள்ளிக்கூடத்தில் கணக்கு நடத்துகிறாள். "பார்த்தால் நல்லாத்தானே இருக்கீங்க" என்பவர்களும், "ஐயோ, வாழ்க்கையே போச்சே" என்பவர்களும் அவளை ஒரே அளவுக்குத்தான் பார்த்திருக்கிறார்கள்.

ஆகவே உங்கள் அறிமுகக் குறிப்பைத் தயவுசெய்து மாற்றுங்கள். நோயை மறைக்க வேண்டாம், அதன் பெயரையே எழுதுங்கள். ஆனால் வருடங்களையும் சேர்த்து எழுதுங்கள். 'பாவம்' மட்டும் வேண்டாம்.

இன்னொன்று. அடுத்து 'ஷூட் த பியானோ பிளேயர்' போடப்போவதாகச் சொன்னீர்கள். பனிச்சரிவில் துபுவா நடித்த லேனா சறுக்கி விழும் காட்சியைப் பெரிய திரையில் பார்க்க அக்கா ஆசைப்படுகிறாள். உங்கள் அரங்கு இரண்டாம் மாடியில், லிஃப்ட் கிடையாது. போன முறை ஒவ்வொரு திருப்பத்திலும் நின்று மூச்சு வாங்கித்தான் ஏறினாள். கீழே இருக்கும் வாசிப்பறையில் அந்த ஒரு மாலை மட்டும் திரை கட்ட முடியுமா? நாற்காலிகளை இறக்க நான் மதியமே வந்துவிடுகிறேன்.

அன்புடன்,
உங்கள் பின்வரிசைப் பார்வையாளர்