பேரலுக்குள் என்ன போடுவது?

கணபதி, கோயமுத்தூர்
வியாழன் இரவு

கண்ணு,

நீ அனுப்பிய போட்டோவை உங்கப்பாவின் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு பெரிதாக்கிப் பார்த்தேன். பீஸைப் போட்டு மூடிச் சுற்றவிட்டு மினுக்கும் பழைய பேரல்தான், ஆனால் உள்ளே ரப்பர் லைனிங் கிழியவில்லை, மூடியும் சரியாக உட்காருகிறது. நல்ல காரியம் செய்தாய். கீழே "அம்மா, மீடியா எது வாங்கட்டும்?" என்று ஒரே வரி கேட்டிருந்தாய். குழாய் மாட்டும் அந்தப் பித்தளை நிப்பிளோடு சேர்த்துப் பேரலில் போட்டு உருட்டுகிற சரக்கைத்தானே கேட்கிறாய். போனில் சொல்ல இரண்டு தடவை முயன்றேன். உன் பக்கம் லேத் சத்தம், என் பக்கம் உங்கப்பா டிவி. அதனால் எழுதுகிறேன். கொஞ்சம் நீளும், சாப்பிட்டுவிட்டுப் படி.

"மீடியா எது" என்று கடையில் போய்க் கேட்காதே. அவரிடம் எது தேங்கிக் கிடக்கிறதோ அதைத்தான் எடுத்து வைப்பார். முதலில் ஒரு பீஸைக் கையில் எடுத்து ஓரத்தை நகத்தால் வருடிப் பார். நகம் மாட்டினால் லேத்தில் வெட்டிய பிசிறு இருக்கிறது. வழுக்கினால் எண்ணெய். இரண்டும் இல்லாமல் நிறம் மட்டும் செத்திருந்தால் அது களிம்பு. மூன்றுக்கும் வேறு வேறு சரக்கு. எல்லாவற்றையும் ஒரே சரக்கில் முடிக்கப் பார்த்துத்தான் நான் ஒரு லாட்டையே பறிகொடுத்தேன். நீ அப்போது எட்டாவது.

ஒரு பம்பு கம்பெனிக்குப் பித்தளை நிப்பிள், 2,000 பீஸ். பிசிறு எடுத்துப் பளபளப்பாகத் தரவேண்டும். பக்கத்துப் பட்டறையில் இரும்புச் சாமானுக்குப் போடும் முக்கோண செராமிக் கல் இருந்தது. இரவல் வாங்கிப் போட்டு ராத்திரி முழுக்க ஓடவிட்டேன். காலையில் மூடியைத் திறந்தால் நிப்பிள் எல்லாம் சிலேட்டு நிறம். பிசிறு போயிருந்தது, வாஸ்தவம். அதோடு மரையின் முனையும் போயிருந்தது. மரை அளவு பார்க்கும் ரிங் கேஜைப் போட்டால் லொடலொடவென்று ஆடுகிறது. கம்பெனியில் திருப்பிவிட்டார்கள். பழைய பித்தளை விலைக்கு எடை போட்டோம். உங்கப்பா ஒரு வார்த்தை சொல்லவில்லை. திட்டியிருந்தால் தேவலையாக இருந்திருக்கும்.

செராமிக் கல் சாணைக்கல்லுக்குத் தம்பி. களிமண்ணோடு தேய்க்கும் துகளைக் கலந்து சுட்டது. இரும்புக்கு அது சரி. பித்தளை மெத்து, அதைச் சுரண்டி எடுத்துவிடும். உன் பீஸில் பிசிறு உண்மையிலேயே இருந்தால் பிளாஸ்டிக் மீடியா வாங்கு. அதிலும் தேய்க்கும் துகள் உண்டு. ஆனால் பிசினில் கலந்து வார்த்தது, எடையும் குறைவு, அடி மெதுவாக விழும். கூம்பு வடிவத்தில் வரும். கலர் கொஞ்சம் மங்கலாகத்தான் நிற்கும், அதற்குக் கவலைப்படாதே, மினுக்குவது அடுத்த வேலை. அரை மணிக்கு ஒரு தடவை நிறுத்தி நாலு பீஸ் எடுத்துக் கேஜ் போட்டுப் பார். ராத்திரி போட்டுவிட்டுத் தூங்கப் போகாதே.

மினுக்கத்துக்கு ஸ்டெயின்லெஸ் ஸ்டீல். குண்டு அல்லது ஊசி மாதிரிப் பின். இது எதையும் சுரண்டாது. நம் ஊரில் பித்தளைக் குடத்தைச் சின்னச் சுத்தியால் தட்டித் தட்டி மினுக்குவார்களே, அதே வேலைதான். ஆயிரக்கணக்கான குட்டிச் சுத்திகள் தட்டி மேல்தோலை அமுக்கி வழவழப்பாக்குகின்றன. அதனால் ஆழமான கீறலை ஸ்டீல் எடுக்காது. கீறலுக்கு மேலேயே பளபளப்பு ஏற்றிவிடும், இன்னும் நன்றாகத் தெரியும்! பிசிறையும் எடுக்காமல் மடக்கி அமுக்கிவிடும். அதனால் பிசிறு வேலை முடிந்த பிறகே ஸ்டீலுக்கு வா.

ஸ்டீல் விலை கூட. ஆனால் கல்லைப் போலத் தேயாது, கரையாது. நான் வாங்கிய குண்டுகள் இன்றும் இருக்கின்றன. ஏமாந்து சாதா இரும்புக் குண்டை வாங்கிவிடாதே. பத்துக் குண்டை உப்புத் தண்ணீரில் ஒரு ராத்திரி போட்டு வை. காலையில் துரு தெரிந்தால் வேண்டாம் என்று சொல்லிவிடு. இரும்புக் குண்டும் பித்தளையும் புளிப்புத் தண்ணீரில் சேர்ந்தால் கரைந்த செம்பு இரும்பின் மேல் ஏறிக்கொள்ளும். குண்டு முழுக்கச் செம்பு நிறத்தில் வரும். பார்க்க அழகாகத்தான் இருக்கும்.

இன்னொன்று, எடை. ஒரு லிட்டர் டப்பாவில் செராமிக் கல் ஒன்றரைக் கிலோ நிற்கும். ஸ்டீல் குண்டு நாலரைக் கிலோவைத் தாண்டும். முன்பு அந்தப் பேரலில் என்ன ஓட்டினார்கள் என்று விற்றவரைக் கேள். கல் ஓட்டிய பேரல் என்றால் ஸ்டீலை அதே அளவுக்கு நிரப்பாதே. பேரிங் போய்விடும், மோட்டார் சுடும்.

அளவு விஷயத்தில்தான் எல்லாரும் மாட்டிக்கொள்கிறார்கள். உன் நிப்பிளின் துளையைவிட மீடியா பெரிதாக இருக்கவேண்டும். இல்லையென்றால் துளையில் மூன்றில் ஒரு பங்குக்கும் சின்னதாக இருக்கவேண்டும். நடுவில் இருந்தால் ஒன்றோ இரண்டோ சேர்ந்து உள்ளே அடைத்துக்கொள்ளும். ஒரு தடவை 2 மி.மீ. துளைக்கு 1 மி.மீ. பின் போட்டுவிட்டு, நானும் உன் அத்தையும் ஊக்கை வைத்து இரண்டு நாள் குத்தி எடுத்தோம். அப்புறம் அந்த அடுப்பு ஜெட் ஆர்டரும் வரும் என்றாய். ஜெட்டைப் பேரலில் போடவே போடாதே. அதன் துளை ஓரம் துளி மழுங்கினாலும் கேஸ் வரும் அளவு மாறும். கழுவி மட்டும் கொடு. பளபளப்புக் கேட்டால் முடியாது என்று சொல், போகட்டும்.

ஓட்டும் விதம் சுருக்கமாகச் சொல்கிறேன். மீடியா மூன்று படி, பீஸ் ஒரு படி. இதைவிட மீடியா குறைந்தால் பீஸ்கள் ஒன்றோடொன்று மோதிச் சொட்டை விழும். பேரலில் பாதிக்குக் கொஞ்சம் மேலே நிரம்பினால் போதும், மீதி இடம் சரக்கு சரிந்து விழுவதற்கு. தண்ணீர் மீடியா மூழ்கி ஒரு விரற்கடை மேலே நிற்கட்டும். சோப்பு கொஞ்சம். நுரை பொங்கினால் மெத்தை மாதிரி ஆகி அடியே விழாது. வேகத்தைக் கூட்டினால் சீக்கிரம் முடியும் என்று நினைக்காதே. உன் பேரல் குறுக்களவில் அரை மீட்டர் இருக்கும்போல் தெரிகிறது. அது நிமிஷத்துக்கு 60 சுற்றுக்கு வந்துவிட்டால் சரக்கெல்லாம் சுவரோடு ஒட்டிக்கொண்டு சும்மா சுற்றும். 25, 30 சுற்றில் ஓட்டு. காதை வைத்துக் கேள். ஆற்று மணலை அள்ளிக் கொட்டுகிற மாதிரி ஒரே சீராகச் சத்தம் வரவேண்டும். தொம் தொம் என்று கேட்டால் நிறுத்து.

களிம்பு இருந்தால் சிட்ரிக் ஆசிட் துளி சேர்க்கலாம். 10 லிட்டருக்கு ஒரு டீஸ்பூன், அரை மணி, அவ்வளவுதான். தீபாவளிக்குக் குத்துவிளக்கைப் புளியில் ஊறவைத்துவிட்டு நீ மறந்து போனாயே, விளக்கு ரோஸ் கலரில் வந்ததே, ஞாபகம் இருக்கிறதா? பித்தளையில் செம்பும் துத்தநாகமும் இருக்கின்றன. புளிப்பில் துத்தநாகம் முந்திக் கரையும், செம்பு மேலே தெரியும். உன் அப்பத்தாவின் நாச்சியார்கோயில் விளக்கு அது. அதைப் பழையபடி ஆக்க எனக்கு ஒரு வாரம் பிடித்தது.

சீக்கிரம் வேலையாகும் என்று வீட்டுப் பித்தளை பாலிஷைப் பேரலில் ஊற்றுகிறவர்களைப் பார்த்திருக்கிறேன். சிலவற்றில் அம்மோனியா இருக்கும். நீ டிப்ளமோ படித்தபோது வாங்கிய உலோகவியல் புத்தகத்தை நீ தூங்கிய பிறகு நான் எடுத்துப் படிப்பேன், உனக்குத் தெரியாது. அதில் இருந்தது இது. வெள்ளைக்காரன் காலத்தில் நம் நாட்டில் மழைக்காலத்தில் தோட்டாக்களைக் குதிரை லாயத்தில் வைத்திருக்கிறார்கள். எடுத்துப் பார்த்தால் பித்தளை உறைகளில் வெடிப்பு. குதிரை மூத்திரத்திலிருந்து கிளம்பிய அம்மோனியாவும், உறையை அழுத்தி இழுத்துச் செய்தபோது உள்ளே தங்கிய இறுக்கமும் சேர்ந்து உண்டாக்கிய வெடிப்பு என்று 1921இல் எழுதினார்கள். ஓரம் மடக்கின பீஸ், அழுத்தி இழுத்த குழாய் இதெல்லாம் உன்னிடம் வந்தால் இதை நினைத்துக்கொள். இன்றைக்குப் பளபளப்பாகப் போய், வாங்கினவர் பட்டறையில் வெடிக்கும். இதே சாக்கில் இன்னொன்று: அலுமினியம் வந்தால் காரச் சோப்பை மூடிய பேரலில் போடாதே. ஹைட்ரஜன் சேர்ந்து மூடி தெறிக்கும்.

நான் இன்றும் பூந்திக்கொட்டைத் தண்ணீர்தான். வெள்ளிப் பட்டறைக்காரர்கள் தலைமுறை தலைமுறையாகப் போடுவது. கொட்டை எடுத்துவிட்டுத் தோலை மட்டும் ஊறவைத்துக் கசக்கி வடிகட்டு. உனக்கு லிக்விட் சோப்புதான் வசதி என்றால் அதுவே இருக்கட்டும்.

ஸ்டீலில் இருந்து எடுத்ததும் கழுவி உடனே காயவைக்க வேண்டும். இங்கே சிறுவாணித் தண்ணீர் இருந்ததால் எனக்கு இந்தக் கஷ்டம் தெரியாமல் போனது. உன் ஷெட்டில் போர் தண்ணீர் என்றாய். அது காய்ந்த இடமெல்லாம் வெள்ளைப் புள்ளி விழும். கடைசி அலசலுக்கு மட்டும் ஆர்.ஓ. தண்ணீர் வை. அப்புறம் கார்ன் காப் குருணை. மணி உதிர்த்த மக்காச்சோளக் கட்டையை அரைத்துச் சலித்தது. ஈரத்தையும் எண்ணெயையும் உறிஞ்சிக்கொண்டு கடைசி மினுக்கத்தையும் கொடுத்துவிடும். 20 நிமிஷம் போதும். அடைத்துக்கொள்ளும் விஷயம் இதற்கும் பொருந்தும், துளையைப் பார்த்துக் குருணை வாங்கு.

இதை நாமே அரைத்தால் என்ன என்று எனக்கு ஒரு ஆசை வந்தது. உடுமலையில் உன் மாமா தோட்டத்தில் கட்டை மலையாகக் கிடக்கிறதே, இரண்டு மூட்டை கொண்டுவந்து மில்லில் அரைத்தேன். எல்லாம் பஞ்சும் தூசியுமாக வந்தது. நடுவில் இருக்கும் நெட்டியும் வெளித் தோலும் ஆகாது, இடையில் இருக்கும் கட்டியான வளையம் மட்டும்தான் வேண்டும் என்று பிறகு தெரிந்தது. மில்காரர் இன்றும் என்னைக் கண்டால் சிரிப்பார். வால்நட் ஓட்டுத் தூளும் கிடைக்கும். அது கூர் கூராக இருப்பதால் அழுக்கை நன்றாக எடுக்கும், பளபளப்பு கார்ன் காப்பைவிட ஒரு படி கம்மி. உனக்கு இப்போதைக்கு வேண்டாம். மரத்தூள் மலிவு, காயவைக்க மட்டும். பிசின் உள்ள மரமாக இருந்தால் கறை பிடிக்கும்.

இரும்பு பீஸ் ஓட்டிய குருணையில் பித்தளையைப் போடாதே. உள்ளே தங்கிய இரும்புத் துகள் கீறிவிடும். மூட்டையில் பெயர் எழுதி வை. காய்ந்த பீஸை வெறும் கையால் தொட்டால் மூன்றாம் நாள் கட்டைவிரல் ரேகை அப்படியே கறுத்துத் தெரியும். உறை போட்டுக்கொள்.

இப்போது சொல்லப்போவதை எழுதத்தான் பேனாவையே எடுத்தேன்.

லேத்தில் ஓடும் பித்தளை ராடில் கிட்டத்தட்ட 3 சதவீதம் ஈயம் இருக்கிறது. சீவல் சுருளாமல் உதிர்வதற்காகச் சேர்ப்பது. காய்ந்த குருணையிலும் மரத்தூளிலும் அது தூசியாகச் சேரும். பழைய குருணை கறுத்துப் போகிறது என்றால் அழுக்கு மட்டும் இல்லை, அதுவும்தான். எனக்கு அப்போது இது தெரியாது. வாசலில் உட்கார்ந்து முறத்தில் போட்டுப் புடைத்துத் தூசியைப் பறக்கவிட்டு அதையே திரும்பப் போடுவேன். நீ இரண்டு அடி தள்ளி மண்ணில் விளையாடுவாய். தூசி பட்ட சேலையோடு உன்னைத் தூக்கிச் சோறு ஊட்டியிருக்கிறேன். தெரிந்த அன்று உன்னை டாக்டரிடம் கூட்டிப்போய் ரத்தம் எடுத்தோமே, எதற்கு என்று கேட்டதற்குச் சளி என்று சொன்னேன். சளி இல்லை. ரிசல்ட்டில் பயப்படும்படி ஒன்றும் இல்லை என்றார். அன்றைக்கு முறத்தைக் கொண்டுபோய்ப் பரணில் போட்டேன்.

அதனால் குருணையைப் புடைக்காதே, ஊதாதே. மாஸ்க் போடு. பேரல் மூடி இருக்கும்போதே தூசி அடங்கட்டும், அப்புறம் திற. துணியைக் கொஞ்சம் நனைத்துக் கிழித்துப் பேரலில் போட்டால் அது தூசியை வாங்கிக்கொள்ளும். வேலைக்கு வரும் பெண்களைக் கை கழுவாமல் டீ குடிக்க விடாதே. பட்டறைத் துணியோடு வீட்டுக்குப் போகாதே. கழுவின தண்ணீரைச் சாக்கடையில் விடாமல் தொட்டியில் தெளியவை. அடியில் நிற்கும் சேற்றை எடுக்க அனுமதி பெற்ற ஆட்கள் இருக்கிறார்கள், விசாரித்துக் கொடு. மற்றதில் என் பேச்சைக் கேட்காவிட்டாலும் பரவாயில்லை, இதில் கேள்.

நாளை ராத்திரி பெங்களூர் பஸ்ஸில் ஒரு சாக்கு போட்டுவிடுகிறேன். என்னுடைய 5 மி.மீ. குண்டு 20 கிலோ இருக்கும். நீ சொன்ன 4 மி.மீ. துளைக்குள் அது போகாது. குழிந்த மூலையில் பளபளப்பு ஏறாவிட்டால் சொல், அப்போது வேறு யோசிப்போம். உங்கப்பா வலை வைத்து அடித்த சல்லடையும், பூந்திக்கொட்டை இரண்டு கிலோவும் இருக்கும். சாக்கைத் தனியாகத் தூக்கப் பார்க்காதே, ஆளைக் கூட்டிப் போ. முதலில் 50 பீஸ் மட்டும் போட்டு ஓட்டி, இரண்டை எனக்கு அனுப்பு. நகம் வைத்துப் பார்த்துச் சொல்கிறேன்.

முறுக்கைத் தனிப் பையில் கட்டி டிரைவர் கையில் கொடுக்கிறேன். அதைச் சாக்கோடு சேர்த்து வைத்துவிடாதே.

அம்மா