எங்கள் வாசகர் வட்டத்தின் ஆண்டறிக்கை, 2024–25

தலைவர் அண்ணாச்சி அவர்களுக்கும், பொருளாளர் அவர்களுக்கும், உறுப்பினர்களுக்கும், இன்று முதல்முறையாக வந்திருக்கும் நண்பர்களுக்கும் வணக்கம்.

ஏப்ரல் 2024 முதல் மார்ச் 2025 வரையிலான அறிக்கை இது. போன பொதுக்குழுவில், இந்த வருடம் கதை, நாவல் எதுவும் வேண்டாம், விடுதலைக்குப் பாடுபட்ட தலைவர்களின் வாழ்க்கை வரலாறுகளை மட்டும் படிப்போம் என்று முடிவானது. நான் எதிர்த்துக் கை தூக்கினேன் என்பதையும் பதிவு செய்துவிடுகிறேன். பள்ளிக்கூட ஆண்டுவிழாப் பேச்சு மாதிரி ஆகிவிடுமே என்பது என் பயம். முதல் இரண்டு கூட்டங்கள் அப்படித்தான் போயின. பிறந்த ஊர், பெற்றோர் பெயர், கைதான தேதி, மறைந்த தேதி, கைத்தட்டல், சுண்டல்.

மூன்றாவது கூட்டத்தில்தான் நிலைமை மாறியது. அன்றைக்கு வ.உ.சி. பற்றி நம் கல்லூரி மாணவர் ஒருவர் பேசினார். 1906 அக்டோபர் 16ல் சுதேசி நீராவிக் கப்பல் கம்பெனி பதிவானது, பத்து லட்ச ரூபாய் மூலதனம், இருபத்தைந்து ரூபாய் வீதம் நாற்பதாயிரம் பங்குகள், காலியா, லாவோ என்று இரண்டு கப்பல்கள், எதிரில் இருந்த வெள்ளைக்காரக் கம்பெனி தூத்துக்குடி–கொழும்புக் கட்டணத்தைக் குறைத்துக் குறைத்துக் கடைசியில் சும்மாவே ஏற்றிக்கொள்கிறோம் என்றது, எல்லாம் சொன்னார். 1908ல் கோரல் மில் வேலைநிறுத்தம், மார்ச் 12ல் கைது, மறுநாள் திருநெல்வேலியில் கலவரம், துப்பாக்கிச் சூடு, ஜூலை 7ல் நீதிபதி பின்ஹே விதித்த இரட்டை ஆயுள் தண்டனை. கோவைச் சிறையில் செக்கிழுத்தது வந்ததும் எல்லோரும் உச்சுக்கொட்டினோம். மேல்முறையீட்டில் தண்டனை குறைந்து, 1912 டிசம்பரில் கண்ணூர் சிறையிலிருந்து வெளியே வந்தார். மாணவர் அடுத்து 1936ல் மறைந்தார் என்று முடித்து உட்கார்ந்துவிட்டார்.

பின்வரிசையில் இருந்த நம் ஓய்வுபெற்ற டீச்சரம்மா எழுந்து, “தம்பி, நடுவுல இருபத்துநாலு வருஷம் எங்கேப்பா?” என்று கேட்டார்.

இந்த ஆண்டின் வேலைத்திட்டமே அந்தக் கேள்விதான் என்று சொல்லிவிடலாம். செயற்குழு கூடித் தீர்மானம் போட்டதெல்லாம் அப்புறம். அதன்பின் யார் வரலாற்றைப் படித்தாலும், சிறையிலிருந்து வந்த பிறகு என்ன செய்தார், வீட்டில் அடுப்பு எப்படி எரிந்தது என்பதைத் தேடிப் படித்துவிட்டுத்தான் வரவேண்டும் என்று பேசிக்கொண்டோம். வ.உ.சி.க்கே நான்கு கூட்டங்கள் ஆயின.

அதில் ஒன்றைச் சற்று விரிவாகவே சொல்கிறேன். வ.உ.சி.க்கு உதவுவதற்காகத் தென்னாப்பிரிக்கத் தமிழர்கள் காந்தியிடம் பணம் கொடுத்திருந்தார்கள். 1915ல் காந்தி சென்னைக்கு வந்தபோது வ.உ.சி. அவரைப் பார்த்தார். அதிகாலைச் சந்திப்புக்குப் போய்ச் சேர அன்றைய வ.உ.சி.க்கு டிராமை விட்டால் வேறு வண்டி இல்லை. கப்பல் கம்பெனி நடத்தியவர்! பணம் பற்றிக் கடிதங்கள் போய்வந்து போய்வந்து, கடைசியில் 1916ல்தான் கைக்கு வந்தது. 347 ரூபாய் 12 அணா. சிறைக்குப் போகும் முன் நன்றாகச் சம்பாதித்துக்கொண்டிருந்த வக்கீல் அவர். இப்போது அரிசி, நெய் வியாபாரம் பார்த்துக் குடும்பம் நடத்துகிறார். வக்கீல் சன்னதும், அதாவது வழக்காடும் உரிமமும், போய்விட்டது.

இதைப் படித்தபோது ஒரு பையன், “அணான்னா என்ன?” என்று கேட்டான். நம் பொருளாளர் அண்ணாச்சி ஒரு கல்யாணப் பத்திரிகையின் பின்பக்கத்தில் கணக்குப் போட்டுக் காட்டினார். ரூபாய்க்குப் பதினாறு அணா, அப்போது பன்னிரண்டு அணா என்பது முக்கால் ரூபாய். எழுதி முடித்துவிட்டுப் பேனாவை மூடாமல் கொஞ்ச நேரம் அந்தத் தாளையே பார்த்துக்கொண்டிருந்தார். முப்பது வருடம் தபால் ஆபீசில் மணியார்டர் எண்ணியவர். “முழுத்தொகையாக் குடுக்காம அணா வரைக்கும் எழுதியிருக்காம் பாருங்க, அவன்தான் கணக்குப் பிள்ளை” என்று காந்தியைப் பாராட்டினார். தேசப்பிதாவை அவன் இவன் என்று சொன்னதற்கு ஒருவர் ஆட்சேபம் தெரிவித்தார். அது குறிப்பேட்டில் ஏறியிருக்கிறது.

சன்னது திரும்பக் கிடைத்த கதையில்தான் பெரிய சண்டை. உதவியவர் வாலஸ் என்ற ஆங்கிலேய நீதிபதி. அந்த நன்றிக்காக வ.உ.சி. தன் மகனுக்கு வாலேஸ்வரன் என்று பெயர் வைத்தார். வெள்ளையனை எதிர்த்துச் செக்கிழுத்தவர் பிள்ளைக்கு வெள்ளையன் பெயரா என்று இளைஞர்கள் கொதித்தார்கள். உதவி செய்தவன் பெயரை வைப்பது நம் பக்கத்து வழக்கம்தானே என்றார்கள் பெரியவர்கள். ஒன்பதரை மணிக்கு விளக்கை அணைத்துத்தான் கூட்டத்தைக் கலைக்க முடிந்தது. என் அபிப்பிராயம் கேட்டால், அவரைச் சிலையிலிருந்து இறக்கி நம்மோடு உட்காரவைத்தது இந்தப் பெயர்தான். செக்கு கூட அதைச் செய்யவில்லை.

அவர் எழுதிய சுயசரிதையிலிருந்து சில பக்கங்களை டீச்சரம்மா வாசித்தார். அகவல் என்ற செய்யுள் வடிவில் எழுதியிருப்பதால் முதலில் பலர் பயந்தார்கள். சத்தமாக வாசித்தால் தானாகப் புரிகிறது என்பதைக் கண்டுகொண்டோம். சிறையில் இருந்தபடியே ஆங்கில எழுத்தாளர் ஜேம்ஸ் ஆலனைத் தமிழாக்கியவர், வெளியே வந்து வறுமையிலும் திருக்குறள் மணக்குடவர் உரையைப் பதிப்பித்தவர். பின்னாளில் தொல்காப்பியத்துக்கு இளம்பூரணர் எழுதிய உரையைப் பதிப்பிப்பதிலும் இறங்கினார். இதெல்லாம் அந்த இருபத்துநாலு வருடத்துக்குள்தான் வருகிறது.

செப்டம்பர் 8, ஞாயிற்றுக்கிழமை வேனில் எட்டயபுரம், ஒட்டப்பிடாரம், பாஞ்சாலங்குறிச்சி போய்வந்தோம். இருபத்தோரு பேர். ஒட்டப்பிடாரத்தில் வ.உ.சி. பிறந்த இல்லத்தைப் பார்த்தோம். பாஞ்சாலங்குறிச்சிக் கோட்டை வாசலில்தான் நம் மாணவர் ஒன்றைக் கவனித்துச் சொன்னார்: கட்டபொம்மனைக் கயத்தாறில் தூக்கிலிட்டது 1799 அக்டோபர் 16. கப்பல் கம்பெனி பதிவானதும் அக்டோபர் 16. தற்செயல்தான். ஆனாலும் வேனில் திரும்பி வரும்வரை அதே பேச்சு. கடலை மிட்டாய் இரண்டு கிலோ கொண்டுபோனோம், எட்டயபுரம் தாண்டுவதற்குள் காலி.

தென்னாப்பிரிக்கப் பணம் எங்களைத் தென்னாப்பிரிக்காவுக்கே கொண்டுபோனது. டிசம்பர், ஜனவரி இரண்டு மாதமும் நெல்சன் மண்டேலா. 27 ஆண்டுச் சிறையில் 18 ஆண்டுகள் ராபன் தீவில். அங்கே இரவில் ரகசியமாகத் தன் வரலாற்றை எழுதி, அந்தத் தாள்களைக் கோக்கோ டப்பாக்களில் அடைத்துச் சிறைத் தோட்டத்தில் புதைத்து வைத்தார்கள். சுவர் கட்டுவதற்குப் பள்ளம் தோண்டும்போது அகப்பட்டுக்கொண்டது. தண்டனை என்ன தெரியுமா? நான்கு ஆண்டுகளுக்குப் படிப்பதற்கான அனுமதி ரத்து. நல்லவேளை, பொடி எழுத்தில் எடுத்த பிரதியை உடன் சிறையிலிருந்து 1976ல் விடுதலையான மாக் மகராஜ் அதற்கு முன்பே வெளியே கடத்திவிட்டார். வாசகர் வட்டத்துக்கு இதைவிட வேண்டிய கதை வேறு என்ன இருக்கிறது. கோக்கோ டப்பா எத்தனை பெரிதாக இருக்கும் என்று அரைமணி நேரம் வாதம். ஒருவர் வீட்டிலிருந்து ஹார்லிக்ஸ் டப்பாவே கொண்டுவந்துவிட்டார்.

பெண்கள் பக்கம் நாங்கள் சரியாகச் செய்யவில்லை. பிப்ரவரியில் தில்லையாடி வள்ளியம்மை, கடலூர் அஞ்சலையம்மாள் இருவரையும் ஒரே கூட்டத்தில் அடக்கினோம். 1914 பிப்ரவரி 22ல், பதினாறு வயதில் ஜோகன்னஸ்பர்க்கில் இறந்த பெண்ணைப் பற்றிப் பேச இருபது நிமிடம்தான் ஒதுக்கினோம். 1927ல் சென்னையில், 1857 கிளர்ச்சியைக் கொடூரமாக அடக்கிய ஆங்கிலேயத் தளபதி நீலின் சிலையை எதிர்த்துச் சிறை போனவர் அஞ்சலையம்மாள். பின்னொரு முறை பிரசவத்துக்காக வெளியே வந்து, கைக்குழந்தையோடு மறுபடி சிறைக்குப் போனார். அவருக்கும் அதே இருபது நிமிடம். இது செயலாளர் என்ற முறையில் என் தவறு. நம் அலமாரியில் ஆண் தலைவர்களுக்கு 38 புத்தகம், பெண்களுக்கு 3 என்பதையும் எண்ணிப் பார்த்துவிட்டேன்.

சரி, நிர்வாகம். பன்னிரண்டு கூட்டம் நடந்திருக்க வேண்டும், பத்து நடந்தது. நவம்பர் கூட்டம் மழையில் போனது. அக்டோபரில் ஒரு மண்டபத்தில் முன்பணம் கொடுத்திருந்தோம். முந்தின நாள் சாயங்காலம் போன் போட்டு, வளைகாப்பு வந்துவிட்டது என்றார்கள். முன்பணம் இன்னும் வரவில்லை. மூன்று தடவை நடந்துவிட்டேன். சராசரி வருகை 24 பேர். புது உறுப்பினர் ஒன்பது பேர். சந்தா பாக்கி வைத்திருப்பவர்கள் பதினோரு பேர். பெயர் வாசிக்கப் போவதில்லை, அவர்களுக்குத் தெரியும். கையிருப்பு 2,860 ரூபாய். வரவுசெலவுக் கணக்கைப் பொருளாளர் அடுத்து வாசிப்பார்.

இரவல் போன புத்தகங்களில் ஏழு திரும்பவில்லை. நேருவின் சுயசரிதையை எடுத்தவர் தயவுசெய்து முதல் பாகத்தையாவது தரவும். 1934–35ல் சிறையில் அதை எழுதி முடிக்க அவருக்கு ஒன்பது மாதம்கூட ஆகவில்லை. நம் உறுப்பினர் படிக்க எடுத்துக்கொண்டது பதினான்கு மாதம்.

கடைசியாக ஒரு வேண்டுகோள். வ.உ.சி. சன்னது திரும்பக் கிடைத்தபின் நம் கோவில்பட்டியில் குடியிருந்து வழக்காடினார். 1932ல்தான் தூத்துக்குடிக்குப் போனார். நாங்கள் படித்த பெரும்பாலான வரலாறுகளில் இந்தக் காலம் ஒரே வரி. ஆகவே இங்கே இருப்பவர்கள் தாத்தா, பூட்டன் காலத்துப் பத்திரக் கட்டு, பழைய வழக்குக் காகிதம், பரண்மேல் கிடக்கும் தகரப்பெட்டி எதையும் ஒருதரம் பிரித்துப் பாருங்கள். வக்கீல் கையெழுத்து வ.உ.சி. என்று இருந்தால் காகிதத்தைக் கொண்டுவர வேண்டாம், செல்போனில் படம் எடுத்து வாருங்கள். பெட்டி ஈரமாக இருந்தால் நிழலில் உலர்த்தவும். லேமினேஷன் மட்டும் போட்டுவிடாதீர்கள்.