அரைச் சுரம் இறக்கிய கதை

செம்பூர், மும்பை

அன்புள்ள கலா,

உன் கடிதம் வந்து மூன்று வாரம் ஆகிறது. கோபித்துக்கொள்ளாதே. ஒரு படத்தின் பின்னணி இசையை முடித்துக் கொடுத்துவிட்டு நேற்றுதான் ஒழுங்காகத் தூங்கினேன். உன் மகன் இந்தத் தொழிலுக்கு வர ஆசைப்படுகிறான், சோறு போடுமா என்று கேட்டிருந்தாய். இந்தப் படத்தின் கதையைச் சொல்கிறேன், நீயே முடிவு பண்ணிக்கொள்.

சின்னப் படம், பாட்டு கிடையாது. இப்படிப்பட்ட படங்களுக்கு 'பேக்கேஜ்' என்று ஒரு தொகை பேசுவார்கள். வாத்தியக்காரர்கள், ஸ்டூடியோ வாடகை, மிக்ஸிங் எல்லாம் அதற்குள்தான், மிஞ்சுவதுதான் சம்பளம். அதனால் வயலின், செல்லோ எல்லாவற்றையும் கம்ப்யூட்டரிலேயே முடித்துவிடுவது வழக்கம். நானும் அப்படித்தான் ஆரம்பித்தேன்.

கடைசிக் காட்சியில் ஒரு பெரியவர் பூட்டிக் கிடந்த வீட்டைத் திறந்து சாமான்களை எடுத்துவைக்கிறார். நாலு நிமிடம், வசனமே இல்லை. எடிட்டிங்கின்போது டைரக்டர் ஏதோ ஒரு வெளிநாட்டு இசையைத் தற்காலிகமாகப் போட்டு வைத்திருந்தார். 'டெம்ப்' என்பார்கள். இரண்டு மாதம் அதையே கேட்டுக் கேட்டு மனசில் ஒட்டிக்கொண்டுவிட்டது. நான் எதைக் கொண்டுபோனாலும், "நல்லாத்தான் இருக்கு, ஆனா..."

கடைசியில் மாட்டுங்காவில் ஒரு நாதஸ்வரக்காரரைப் பிடித்தேன். கல்யாணங்களுக்கு வாசிப்பவர். அவர் வாத்தியத்தின் சுருதி இரண்டரைக் கட்டை, நான் போட்டு வைத்திருந்ததெல்லாம் மூன்று கட்டை. நாயனத்தையா இறக்க முடியும்? ராத்திரியோடு ராத்திரியாக என்னுடையதையெல்லாம் அரைச் சுரம் இறக்கினேன். ஸ்டூடியோவோ உங்கள் பழைய வீட்டுப் பூஜை அறை அளவு. முதல் ஊதலிலேயே மீட்டர் சிவப்பில் போய் நின்றுவிட்டது. அவரைச் சுவரைப் பார்த்து உட்காரவைத்து, மைக்கை எதிர் மூலைக்குத் தள்ளினேன். "சபைக்கு முதுகைக் காட்டி வாசிச்சதே இல்லம்மா" என்று சிரித்தார். அப்புறம் சீவாளியை நனைத்துக்கொண்டு, சும்மா சுருதி பார்க்க சஹானா ராகத்தில் நாலு பிடி பிடித்தார். படத்தில் இருப்பது அதுதான். பிறகு எத்தனை டேக் எடுத்தும் அது வரவில்லை. டைரக்டர் மூன்று தடவை போடச் சொல்லிக் கேட்டார். டெம்ப் பேச்சையே அதற்குப் பிறகு எடுக்கவில்லை.

எல்லோருக்கும் கொடுத்ததுபோக என்னிடம் நின்றது இரண்டு மாத வாடகை. மீதி மாதங்களுக்கு விளம்பரங்கள்தான் கைகொடுக்கின்றன. 'அங்கூர்' என்ற இந்திப் படத்துக்கு இசையமைத்த வன்ராஜ் பாட்டியாவே விளம்பர இசையில் பிழைத்தவர்தானே!

ஒன்றை மட்டும் உன் மகனிடம் சொல். ஒப்பந்தத்தில் 'ராயல்டி கேட்கமாட்டேன்' என்று ஒரு வரி நைசாக இருந்தது. 2012-இல் பதிப்புரிமைச் சட்டத்தைத் திருத்திய பிறகு அப்படி எழுதிக் கொடுத்தாலும் செல்லாது. தியேட்டரில் படம் ஓடுவதற்குப் பங்கு இல்லை. டிவி போன்ற மற்ற வழிகளுக்கு உண்டு. வரியை அடிக்கச் சொன்னேன். முகத்தைச் சுளித்தார்கள், ஆனால் அடித்தார்கள். ராயல்டியை வசூலித்துக் கொடுக்கும் ஐபிஆர்எஸ் என்ற அமைப்பில் உறுப்பினராகி, படத்தில் எங்கே எத்தனை நொடி இசை வருகிறது என்ற பட்டியலையும் கொடுத்துவைக்க வேண்டும். சோம்பேறித்தனம் பார்த்தால் போச்சு.

அந்த நாதஸ்வரக்காரர் உங்கள் மன்னார்குடிப் பக்கம்தானாம். டைட்டிலில் ஊர்ப் பெயரோடு போடச் சொன்னார். இங்கே டைட்டில் போடும் பையனுக்கு அந்த ஊர் வாயில் நுழையவில்லை. ஒவ்வொரு எழுத்தாகச் சொல்லி எழுதவைத்தேன்.

அன்புடன்,
வசந்தி