ஆறு முறை வாசல் வரை

மதிப்பிற்குரிய ஆசிரியருக்கு,

பழைய ஹாலிவுட் என்றாலே நாயகிகளைப் பற்றித்தான் எழுதுகிறீர்கள். துணை நடிகை தெல்மா ரிட்டருக்கும் கொஞ்சம் இடம் கொடுங்கள். 1947-இல், 45 வயதில், ‘மிராக்கிள் ஆன் தர்ட்டி ஃபோர்த் ஸ்ட்ரீட்’ படத்தில் பொம்மை தேடி அலுத்துப்போன அம்மாவாக ஒரு துண்டு வேடம். டைட்டிலில் பெயர்கூட இல்லை. அதன் பிறகு, 1950 முதல் 1962 வரை வெளியான படங்களுக்காகத் துணை நடிகை ஆஸ்கருக்கு ஆறு முறை பரிந்துரை. ஒருமுறைகூடக் கிடைக்கவில்லை!

‘ரியர் விண்டோ’ படத்தில் நாயகன் ஜேம்ஸ் ஸ்டூவர்ட்டின் முதுகைப் பிடித்துவிட்டபடியே அவரைத் திட்டித் தீர்க்கும் நர்ஸ் இவர்தான். அதன் நாயகி கிரேஸ் கெல்லியின் கவுன்களை மறந்துவிட்டேன். அந்தத் திட்டு மட்டும் மறக்கவில்லை. வேலைக்காரி, நர்ஸ், அம்மா என்று இவருக்கு வந்தவை பெரும்பாலும் அந்த வகைதான். ஸ்டூடியோக்கள் இவரை நாயகியாக யோசித்தது அபூர்வம்.

இப்படிக்கு,
பழைய பட ரசிகன்