உன் ஐயா நடந்த பர்மா வழியும் ஜெனரல் ஸ்லிம்மும்

அன்புள்ள மெய்யம்மை,

உன் கடிதம் கிடைத்தது. ஆச்சியின் கண் ஆபரேஷன் நல்லபடியாக முடிந்ததில் சந்தோஷம். இங்கே எல்லாரும் சௌக்கியம். அவருக்குச் சர்க்கரை இறங்கியிருக்கிறது. உன் பாகற்காய் வற்றலுக்கு நன்றி சொல்லச் சொன்னார்.

விஷயத்துக்கு வருகிறேன். கயலுக்கு ராணுவத்தில் இடம் கிடைத்துவிட்டது. பரங்கிமலை அகாடமியில் பயிற்சி. நீ துள்ளிக் குதிப்பாய் என்று தெரியும். அவள் அப்பா தெரு முழுக்க லட்டு கொடுத்துவிட்டார். எனக்குத்தான் ராத்திரி தூக்கம் வரவில்லை. பெண் எப்படிப்பட்ட மேலதிகாரிகளிடம் போய்ச் சேரப் போகிறாளோ என்ற கவலை. போர்க்களத்தைப் பற்றிக் கையில் கிடைத்ததையெல்லாம் படிக்கிறேன். அதில் ஒரு மனுஷர் மனசில் உட்கார்ந்துவிட்டார். வில்லியம் ஸ்லிம், இரண்டாம் உலகப் போரில் பிரிட்டிஷ் ஜெனரல். 1942-ல் உன் ஐயா ரங்கூன் கடையைப் பூட்டிவிட்டு நடந்தாரே, அதே சமயம் அதே பர்மாவிலிருந்து படையோடு பின்வாங்கி வந்தவர்.

"வெள்ளைக்கார ஜெனரலையா புகழ்கிறாய்?" என்று சண்டைக்கு வராதே. விடுதி ஆண்டு விழாவில் கட்டபொம்மன் வேஷம் கட்டினவள் நீ. உன்னிடம் ஜாக்கிரதையாகத்தான் பேசுவேன். முழுக்கப் படித்துவிட்டுத் திட்டு.

பெரிய வீட்டுப் பிள்ளை இல்லை, மெய்யா. அப்பா இரும்புச் சாமான் வியாபாரி. தொழில் நொடித்ததால் பையனைக் கல்லூரிக்கு அனுப்ப முடியவில்லை. பர்மிங்காமில் ஏழைப் பிள்ளைகள் படித்த ஆரம்பப் பள்ளியில் வாத்தியார் வேலை, பிறகு ஒரு இரும்புக் கம்பெனியில் குமாஸ்தா. 1914-ல் முதல் உலகப் போர் வந்ததால்தான் அதிகாரியானார். அடுத்த வருஷமே துருக்கியின் கலிபோலியில் குண்டடி. தேறி எழுந்து மெசபடோமியா (இன்றைய இராக்) போனார். 1917-ல் அங்கேயும் காயம். அங்கே காட்டிய வீரத்துக்கு மிலிட்டரி கிராஸ் என்ற விருது கொடுத்தார்கள். பிறகு கூர்க்கா படையில் சேர்ந்தார். கலிபோலியில் அவர்கள் சண்டை போட்டதைப் பார்த்ததிலிருந்து அவர்கள்மேல் அவருக்கு மரியாதை. சொந்தச் சொத்து இல்லாதவன் சம்பளத்திலேயே காலம் தள்ள இந்திய ராணுவம்தான் தோது என்பதும் ஒரு காரணம். அதுவும் போதாமல், ஆந்தனி மில்ஸ் என்ற புனைபெயரில் பத்திரிகைகளுக்குக் கதை எழுதிக் குடும்பச் செலவைச் சரிக்கட்டியிருக்கிறார்.

1940 நவம்பரில் சூடான் எல்லையில் இத்தாலியர்களிடமிருந்து கல்லாபட் கோட்டையைப் பிடித்தார். மேலே போய்த் தாக்குவதா பின்வாங்குவதா என்று வந்தபோது பின்வாங்கிவிட்டார். இரண்டு வழி இருந்தபோது துணிச்சலான வழியை நான் எடுக்கவில்லை, என் பயத்திடம் யோசனை கேட்டேன் என்று பின்னாளில் அவரே எழுதி வைத்தார். ஃபீல்டு மார்ஷல் பதவி வரை போன மனுஷர், யாரும் கேட்காமலே எழுதியது. நான் இத்தனை வருஷம் வேலை பார்த்த ஆபீஸில் ஒரு மேலதிகாரி வாயிலிருந்தும் அப்படி ஒரு வார்த்தை வந்ததில்லை.

1942 மார்ச்சில் பர்மாப் படையை அவர் கையில் கொடுத்தபோது ரங்கூன் ஏற்கெனவே ஜப்பானியர் கையில் விழுந்துவிட்டது. சுமார் 900 மைல் பின்வாங்கல். பர்மாவின் சிண்ட்வின் ஆற்றுக்கு அக்கரையிலேயே டாங்கிகளை உடைத்துப் போட்டுவிட்டு, மே மாத மழையில் இம்பால் வந்து சேர்ந்தார்கள். எலும்பும் தோலுமாக, கந்தலோடு, ஆனால் துப்பாக்கியைக் கைவிடாமல், அவரவர் பிரிவாகவே வந்தார்கள். படைக்கு முன்னாலும் பின்னாலும் நம் ஜனங்கள் லட்சக்கணக்கில் நடந்தார்கள். வெள்ளைக்காரக் குடும்பங்களுக்குக் கப்பலிலும் விமானத்திலும் முதலிடம். துறைமுகக் கூலிக்கும் மில் தொழிலாளிக்கும் நடைப் பயணம்தான். எத்தனை பேர் காலராவில் வழியிலேயே விழுந்தார்கள்! இதை நினைக்கும்போது உன் கோபம் எனக்கும் வருகிறது. ஸ்லிம்மின் நல்ல குணம் அந்த அரசாங்கத்தின் பாவத்தைக் கழுவாது.

அந்தப் படையில் இருந்த பலரும் சேர்ந்த, ஸ்லிம்மின் 14-வது படைதான் பிறகு திரும்பிப் போய் ஜெயித்தது. 1943-ல் காயம்பட்டு ஒருவன் ஆஸ்பத்திரிக்குப் போனால் நோயில் விழுந்து போனவர்கள் 120 பேர். மலேரியா! மெபக்ரின் மாத்திரையைச் சிப்பாய்கள் தின்னாமல் ஏமாற்றினார்கள். ஸ்லிம் திடீர்ச் சோதனை வைத்தார். எந்தப் பட்டாளத்தில் மாத்திரை தின்றவர்கள் 95 சதவீதத்துக்குக் குறைந்தார்களோ அதன் தலைவரை வேலையை விட்டே தூக்கினார். மூன்று பேர் போனதும் மற்றவர்களுக்குப் புரிந்துவிட்டது. கசப்பு மருந்துக்குச் சிப்பாயைத் தண்டிக்காமல் அதிகாரியைத் தண்டித்தாரே, அங்கேதான் எனக்கு அவர்மேல் மரியாதை ஏறியது. முன்வரிசைப் படைகள் அரை ரேஷனுக்கு இறங்கினால் தன் தலைமையகத்துக்கும் அரை ரேஷன்தான். பட்டுப் பாராசூட் கிடைக்காதபோது கல்கத்தாவில் சணலில் தைக்கச் சொல்லி, அதில் சாமான் இறக்கினார். பட்டில் 20 பிரிட்டிஷ் பவுண்டுக்கு மேல் ஆவது சணலில் ஒரு பவுண்டு சொச்சத்தில் முடிந்தது.

1944 ஏப்ரலில் நாகா மலையிலுள்ள கோஹிமாவில் மறுபடி கணக்குத் தப்பியது. அந்த மலையைத் தாண்டி ஒரு ரெஜிமென்ட்தான் வரும் என்று நினைத்தார். ஜப்பானின் 31-வது டிவிஷன் முழுதாக வந்து நின்றது. டெபுடி கமிஷனர் பங்களாவின் டென்னிஸ் மைதானத்துக்கு இந்தப் பக்கம் இவர்கள், அந்தப் பக்கம் அவர்கள். தன் கணிப்புத் தவறுதான், சிப்பாய்களின் பிடிவாதம் காப்பாற்றியது என்று அதையும் எழுதியிருக்கிறார்.

அவர் படையில் பெரும்பாலோர் இந்தியர்கள். தம்பிகள் என்று பேர் வாங்கின மெட்ராஸ் சாப்பர்களும் (ராணுவப் பொறியியல் படையினர்) பர்மாவில் இருந்தார்கள். எதிர்ப்பக்கம் நேதாஜியின் படையில் மலேயாத் தோட்டத்துத் தமிழர்கள். இரண்டு பக்கமும் நம் பிள்ளைகள், மெய்யா. இதை எப்படி ஜீரணிப்பது என்று எனக்குத் தெரியவில்லை. நீதான் சொல்ல வேண்டும்.

1945 மே மாதம் ரங்கூனைப் பிடித்த சூட்டிலேயே, மேலே இருந்த ஆலிவர் லீஸ் இவரிடமிருந்து 14-வது படையைப் பிடுங்கப் பார்த்தார். இவர் கத்தவில்லை, ஓய்வு பெற்றுக்கொள்கிறேன் என்றார். படையே கொதித்துப் போனது. கடைசியில் லீஸ்தான் போனார், அந்த நாற்காலிக்கு ஸ்லிம் வந்தார்.

ஒரு உதவி. கட்டுப் பிரித்ததும் ஆச்சியிடம் பக்குவமாகக் கேள்: ஐயா வந்தது தமு, இம்பால் வழியா, அரக்கான் மலை தாண்டிச் சிட்டகாங் வழியா? கூட யார் யார் வந்தார்கள், வழியில் என்ன சாப்பிட்டார்கள் என்பதையும் ஆச்சி சொல்கிறபடியே எழுதி அனுப்பு. போனில் சொல்லாதே, பாதி மறந்துவிடுவாய்.

அன்புடன்,
கமலா