அந்தக் குரலுக்கு ஒரு மாலைப் பொழுதைக் கொடுங்கள்

பெருமதிப்பிற்குரிய விழாக் குழுத் தலைவருக்கும் உறுப்பினர்களுக்கும் வணக்கம்.

போன மாதம் நம் கடற்கரைத் திடலில் நீங்கள் நடத்திய கலை விழாவைப் பற்றித்தான் எழுதுகிறேன். மேடையில் நடந்தது உங்கள் எல்லோருக்கும் தெரியும் என்பதால் சுருக்கமாகவே சொல்கிறேன். திரைக் கலைஞர்களைப் பாராட்டும் வரிசையில் கடைசி ஆளாக ஐயாவை அழைத்தீர்கள். அவர் நடித்த நாட்டாமை, நீதிபதி, கதாநாயகியின் தாத்தா என்று ஒவ்வொரு வேடமாகப் படித்தார்கள். வாழ்நாளில் பெரும்பகுதி அவர் கடல் கடந்து ஒரு வானொலி நிலையத்தில் தமிழில் செய்தி வாசித்தவர் என்பதற்கு ஒரு வரிகூட இல்லை. அழைப்பிதழிலும் இல்லை, விழா மலரிலும் இல்லை. அவர் மைக்கைப் பிடித்து "நேயர்களே, வணக்கம்" என்றதும் பின்வரிசையில் இருந்த பெரியவர்கள் பலர் எழுந்து நின்றார்கள். அதைப் பார்த்த பிறகும் நேரமாகிவிட்டதென்று சீட்டு அனுப்பி, அடுத்து ஆட வேண்டிய நடனக் குழுவுக்காக மைக்கை வாங்கிக்கொண்டீர்கள்.

அவர் கோபப்படவில்லை. கும்பிட்டுவிட்டு இறங்கிப் போனார். எங்களால் அப்படி இருக்க முடியவில்லை.

எங்கள் கோரிக்கை ஒன்றுதான். அவரைத் திரும்ப அழையுங்கள். ஒரு மாலைப் பொழுது முழுவதும் அவருடைய வானொலி வாழ்க்கையைப் பற்றிப் பேச விடுங்கள். பேசுவதை முறையாகப் பதிவு செய்து வையுங்கள்.

இராமநாதபுரம் கடற்கரைக்கு வானொலி எவ்வளவு நெருக்கம் என்பதை உங்களுக்கு நான் சொல்லித்தர வேண்டியதில்லை. தனுஷ்கோடிக்கு அந்தப் பக்கம் தலைமன்னார். எங்கள் வீடுகளில் இலங்கை வானொலி பக்கத்து வீட்டுப் பேச்சு போலத் தெளிவாகக் கேட்கும். மயில்வாகனன், கே.எஸ். ராஜா, ராஜேஸ்வரி சண்முகம், பி.எச். அப்துல் ஹமீது என்று அறிவிப்பாளர்களின் பெயரைச் சொல்லித்தான் எங்கள் வீட்டுப் பெரியவர்கள் நேரத்தையே சொல்வார்கள். அப்துல் ஹமீது பிற்பாடு படங்களில் தோன்றியபோது இங்கே யாரும் அவரை நடிகர் என்று நினைக்கவில்லை. நம் வானொலிக்காரர் சினிமாவிலும் வருகிறார் என்றுதான் சந்தோஷப்பட்டார்கள்.

ஆனால் பாட்டு கேட்டது வேறு, செய்தி கேட்டது வேறு. 1983 கலவரத்துக்குப் பிறகு மண்டபம் அகதிகள் முகாமுக்கு அக்கரை இலங்கையிலிருந்து ஆட்கள் வந்து இறங்கிய காலத்தை நினைத்துப் பாருங்கள். கட்டின துணியோடு வந்தவர்கள். மன்னாரிலும் யாழ்ப்பாணத்திலும் அவர்கள் விட்டுவிட்டு வந்த அம்மா, அண்ணன், தம்பி உயிரோடு இருக்கிறார்களா என்று தெரிந்துகொள்ள அவர்களுக்கு எந்த வழியும் இல்லை. தபால் ஒழுங்காகப் போகாது, தொலைபேசி கிடையாது. இரவு 9.15-க்கு பிபிசி தமிழோசை. அதற்கு முன்னும் பின்னும் மற்ற வெளிநாட்டு நிலையங்கள், அவற்றில் ஒன்றில் நம் ஐயாவின் குரல். முகாமை ஒட்டியிருந்த எங்கள் வீட்டுத் திண்ணையில் ஒரே ஒரு டிரான்சிஸ்டர். அதைச் சுற்றி உட்கார இடமில்லாமல் வாசல்வரை ஆட்கள் நிற்பார்கள். தூரத்து நிலையங்கள் வரும் சிற்றலை (ஷார்ட்வேவ்) என்பதால் ஒரு வாக்கியம் தெளிவாக வரும், அடுத்தது இரைச்சலில் அமுங்கிப் போகும். தென்னை மரத்தில் செம்புக் கம்பியைக் கட்டி அப்பா ஏரியல் போட்டிருந்தார். பேட்டரிக் கட்டை தீர்ந்துவிட்டால் புதுசு வாங்கக் காசு இருக்காது. பழைய கட்டைகளைப் பகலெல்லாம் வெயிலில் காயவைத்து ராத்திரிக்குத் திரும்பப் போடுவோம். சில நாள் செய்தி பாதியில் இருக்கும்போதே பெட்டி ஓய்ந்துவிடும். குண்டு விழுந்த ஊரின் பெயர் காதில் விழுவதற்குள் குரல் நின்றுபோனால், அந்த ராத்திரி முழுக்க அங்கே ஒருவரும் தூங்க மாட்டார்கள். தலைமன்னாரிலிருந்து வந்த ஒரு அக்கா விடிகிறவரை எங்கள் திண்ணையிலேயே உட்கார்ந்திருப்பார், காலை ஒலிபரப்பில் திரும்பச் சொல்வார்கள் என்று.

இந்தக் கஷ்டம் ஐயாவுக்குத் தெரிந்திருந்தது. நேயர்கள் கடிதத்தில் எழுதுவார்கள். அதனால்தான் அவர் ஊர்ப் பெயரை நிறுத்தி, அழுத்தி, இரண்டு தடவை சொல்லுவார். இறந்தவர்களின் எண்ணிக்கையையும் அப்படியே. அலை ஒரு நொடி அமுங்கினாலும் இன்னொரு தடவை சொல்வது கேட்கட்டும் என்று. படத்தில் அவர் வசனம் பேசும் அழகை விழாவில் பாராட்டினீர்களே, அந்தச் சுத்தமான உச்சரிப்பு இப்படி வந்ததுதான். எங்களுக்காக அவர் பழகிக்கொண்டது அது. அதைத்தான் நீங்கள் மேடையில் ஏற்றவில்லை.

இது அவர் ஒருவருக்கு மட்டும் நடப்பதில்லை. பூர்ணம் விஸ்வநாதனை எத்தனை பேருக்குத் தெரியும் என்று கேட்டால் எல்லோரும் கை தூக்குவார்கள், சினிமாவில் வந்த அப்பா என்று. 1947 ஆகஸ்ட் 15 அன்று இந்தியா விடுதலை பெற்ற செய்தியை டில்லி வானொலியிலிருந்து தமிழில் வாசித்தவர் அவர் என்று கேட்டால் எத்தனை கை உயரும்? 2008-ல் அவர் இறந்தபோதும் முதலில் பேசப்பட்டது படங்களைப் பற்றித்தான். சினிமாவில் ஒரு காட்சியில் வந்தால் போதும், அது கேசட்டாகி, சி.டி.யாகி, இன்று கைபேசிவரை வந்துவிடுகிறது. வானொலியில் ஆயுள் முழுக்கப் பேசினாலும் பேசியது காற்றோடு போய்விடுகிறது. நேரடியாக வாசிக்கிற செய்தியைப் பெரும்பாலும் யாரும் சேர்த்து வைப்பதில்லை. நாடாவில் பதிந்த நிகழ்ச்சியையும் அழித்து அதன்மேலேயே அடுத்ததைப் பதிவார்கள், நாடா விலை அப்படி. 1941-ல் தொடங்கிய தமிழோசையின் சிற்றலை ஒலிபரப்பும் 2017 ஏப்ரலோடு நின்றுவிட்டது. ஒவ்வொரு நிலையமாக ஓய்கிறது. அதில் பேசியவர்களும் ஒவ்வொருவராகப் போய்க்கொண்டிருக்கிறார்கள். அப்புறம் யாரிடம் போய்க் கேட்பது?

ஊருக்கு ஊர் விழா எடுக்கிறோம். எடுக்கிற விழாவிலெல்லாம் சினிமா முகம் இருந்தால்தான் கூட்டம் வரும் என்கிறீர்கள். அன்றைக்குத் தங்கச்சிமடத்திலிருந்தும் பாம்பனிலிருந்தும் பஸ் ஏறி வந்த வயதான பெண்கள் எந்தப் படத்தைப் பார்த்துவிட்டு வந்தார்கள் என்று நீங்கள் கேட்டிருக்க வேண்டும். அந்தக் குரலை ஒரு தடவை நேரில் கேட்க வந்தவர்கள் அவர்கள். ஏமாற்றத்தோடு திரும்பிப் போனார்கள்.

கடுமையாக எழுதியிருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள். விழா எடுப்பது லேசான வேலை இல்லை, வசூலும் பந்தலும் போலீஸ் அனுமதியுமாக நீங்கள் படுகிற பாடு எங்களுக்கும் தெரியும். அதனால்தான் சண்டைக்கு வராமல் கடிதம் எழுதுகிறேன். ஐயாவுக்கு வயதாகிவிட்டது. குரல் இன்னும் கெடவில்லை, ஞாபகமும் தெளிவாக இருக்கிறது. இரண்டும் இருக்கும்போதே அவரை அழையுங்கள், ஒரு மாலை முழுக்கப் பேச விடுங்கள், பதிவு செய்யுங்கள். நேயர்கள் அவருக்கு எழுதிய கடிதங்களைப் பெட்டியில் பத்திரமாக வைத்திருக்கிறார். அவர் சம்மதித்தால் அவற்றையும் படம் எடுத்து வைக்கலாம். பாம்பனில் மீனவர்களுக்காகவே நடக்கும் 'கடல் ஓசை' சமுதாய வானொலி இருக்கிறது. பதிவை அவர்களிடம் கொடுத்தால் கடலுக்குப் போகிற பிள்ளைகளும் கேட்பார்கள். விழா மலரின் அடுத்த பதிப்பில் அவருடைய வானொலிப் பணியைப் பற்றி ஒரு பக்கம் சேர்க்கவும் வேண்டுகிறேன்.

செலவைக் காரணமாகச் சொல்ல வேண்டாம். ஒலிப்பதிவுக்கு ஆகும் தொகையில் பாதியை மண்டபத்து நேயர்கள் நாங்கள் சேர்த்துத் தருகிறோம். முகாமில் இருப்பவர்களும் தங்களால் ஆனதைத் தருவதாகச் சொல்லியிருக்கிறார்கள். உங்கள் அடுத்த குழுக் கூட்டத்தில் இதைத் தீர்மானமாக வைத்து, தேதியை எங்களுக்குத் தெரிவிக்கும்படி பணிவோடு கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
மண்டபத்திலிருந்து ஒரு வானொலி நேயர்